அமுதசுரபியும் வேனிற் கிண்ணமும்



சித்திரைத் திங்களில் நடைபெறும் ஆண்டு விழாவில் என்ன இனிப்பு வழங்குவது என்பது பற்றி நம் சங்கச் செயற்குழுவில் எழுந்த சிறு வழக்கே இக்கட்டுரைக்குத் தோற்றுவாயாகும். பந்தியின் முடிவில் சவ்வரிசிப் பாயசம் வழங்குவது நம் நெடுநாள் வழக்கம். இவ்வாண்டு இளைஞர்கள், கோடை கடுமையாக இருத்தலின், பழத்துண்டுகளும் பனித்துருவலும் தேங்காய்ப்பாலும் கருப்பட்டிப் பாகும் சேர்ந்த குளிர்ந்த கிண்ணம் ஒன்றை வழங்கலாம் என்றனர். அது மலேசிய நாட்டுச் சுவையும் கொரிய நாட்டுச் சுவையும் கூடியது என்று பெருமையுடன் கூறவும் செய்தனர்.

உடனே சங்கத்துப் பெரியவர் ஒருவர் எழுந்தார். "ஊரை விட்டு வந்தோம், உடை மாறிற்று. பேரப் பிள்ளைகள் தமிழ் எழுத்தை மறந்தனர். அவர்கள் நாவில் எஞ்சி நிற்கும் தமிழ் இந்தப் பாயசம் ஒன்றுதான். அதனையும் எடுத்துவிட்டுக் கொரியப் பண்டத்தை வைக்க வேண்டுமா?" என்று வினவினார். அவர் குரலில் சினத்தைவிட வருத்தமே மிகுந்திருந்தது. அவையில் எவரும் மறுமொழி கூறவில்லை. கூறத்தக்க மறுமொழி எங்களிடம் இல்லை என்பதே உண்மை.

அந்த வருத்தம் என்னையும் தைத்தது. ஏனெனில், அக்கிண்ணத்தை முதலில் செய்து காட்டியவள் ஒன்பதாம் வகுப்பில் பயிலும் என் மகள். கொரிய நாட்டு நாடகங்களைக் கண்டு அந்நாட்டு எழுத்துக்களைத் தானாகவே கற்றுக்கொண்டவள் அவள். ஆனால் தமிழ் எழுத்து ஒன்றும் அறியாள். வீட்டில் தமிழ் பேசுவாள். பள்ளியில் தெலுங்கும் இந்தியும் ஆங்கிலமும் எழுதுவாள். இக்குறை அவளுடையதன்று, என்னுடையது.

கூட்டம் கலைந்த பின் செயலாளர் என்னை அழைத்து, "இரயில்வேயில் சரக்குச் சீட்டு எழுதுபவர் நீர். எந்தப் பொருள் எங்கிருந்து வந்தது என்று பார்த்து மலருக்கு ஒரு கட்டுரை எழுதிக் கொடும்" என்றார். யான் பத்தாம் வகுப்பு வரையில் பயின்றவன், ஆராய்ச்சியாளன் அல்லேன். ஆயினும், எந்தப் பொதி எந்த நிலையத்தில் ஏறியது, எங்கே இறங்குவது, அனுப்பியவர் யார், பெறுபவர் யார் என்று எழுதி எழுதிப் பழகியவன். அக்கண் கொண்டே பந்தியில் வைக்கப்படும் இரண்டு கிண்ணங்களையும் நோக்கத் துணிந்தேன்.

பாயசம் ஏறிய நிலையம்

முதலில் நம் பாயசத்தை எடுத்துக்கொள்வோம். சவ்வரிசி என்பது நெல்லின் வகை அன்று. மலாய்த் தீவுகளின் சதுப்பு நிலங்களில் வளரும் ஒரு வகைப் பனையின் தண்டிலிருந்து எடுக்கும் மாவே அதன் முதற்பொருள். அம்மாவை மலாய் மக்கள் 'சாகு' என்பர். ஆங்கிலேயர் அதனைச் 'சேகோ' என்றனர். சாவகத் தீவிலிருந்து வந்தமையால் 'ஜாவா அரிசி' என்று வழங்கிப் பின்னர் அது ஜவ்வரிசி ஆயிற்று என்று கூறுவாரும் உளர்.

1942-இல் மலாயாவும் சாவகமும் ஜப்பானியர் வசமாயின. கப்பல்கள் நின்றன, சாகு மாவும் நின்றது. அக்காலத்தில்தான், 1943-ஆம் ஆண்டையொட்டி, சேலத்தில் மரவள்ளிக் கிழங்கின் மாவைக் கொண்டு சவ்வரிசி செய்யத் தொடங்கினர். குடிசைத் தொழிலாக எழுந்த அது பெருகி வளர்ந்து, 1981-இல் அதற்கெனத் தனிக் கூட்டுறவுச் சங்கம் காணும் அளவுக்கு ஓங்கியது. இன்று நாம் உண்ணும் சவ்வரிசி பெரும்பாலும் சேலத்து மரவள்ளியே.

அந்த மரவள்ளியேனும் நம்முடையதோ எனின், அதுவும் தென் அமெரிக்காவில் பிறந்து, கடல் கடந்து நம்மை அடைந்தது. 1880 முதல் 1885 வரை திருவிதாங்கூரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜா அதன் சாகுபடியைத் தம் நாட்டில் ஊக்கிப் பரப்பினார். பாயசத்தின் மேல் நெய்யில் வறுத்து இடும் முந்திரியும் பிரேசில் நாட்டிலிருந்து போர்த்துகீசியர் வழியே வந்ததே. பாலும் நெய்யும் ஏலமும் நம்முடையவை, ஐயமில்லை. ஆனால் கிண்ணத்திற்குப் பெயர் தரும் பொருளின் சீட்டில், அனுப்பிய நிலையம் என்ற இடத்தில் மலாயா என்றும் அமெரிக்கா என்றும் எழுத வேண்டியிருக்கின்றது.

இதனைக் கூறுவது பெரியவரை மறுப்பதற்காக அன்று. அவர் தம் தாயின் கையால் உண்ட பாயசம் அது. அதனைத் தமிழ் உணவு என்று அவர் சொல்வது முற்றிலும் மெய். கடல் கடந்து வந்த பொருள் ஓரிரு நூற்றாண்டுகளுக்குள் தாய்வீட்டு உணவாகிவிட்டது என்பதே யான் சுட்ட விரும்புவது.

இன்னும் பின்னோக்கிச் செல்வோம். புறநானூற்றின் 99-ஆம் பாட்டில் ஔவையார் அதியமானைப் பாடுங்கால், அவன் முன்னோர் கரும்பை இந்நாட்டிற்குக் கொண்டுவந்த சிறப்பினைக் கூறுகின்றார். சர்க்கரையின் தாயாகிய கரும்பையே 'வந்த பொருள்' என்று நம் முன்னோர் அறிந்திருந்தனர். அறிந்து வெட்கப்பட்டாரல்லர். கொண்டுவந்தவரைப் பாட்டில் வைத்துப் போற்றினர். இக்குறிப்பை நெஞ்சில் இருத்திக்கொண்டு மற்றைக் கிண்ணத்தைக் காண்போம்.

மாம்பழம் போன வழி

இளைஞர் கூறிய கிண்ணத்தில் முதன்மையானது மாம்பழம். மலாய் மொழியில் மாவின் கனிக்கு 'மங்கா' என்றும் 'மெம்பெலம்' என்றும் பெயர்கள் உண்டு. பின்னது நம் 'மாம்பழம்' என்பதன் திரிபே. முன்னது தமிழரின் 'மாங்காய்', மலையாளிகளின் 'மாங்ங' என்னும் சொற்களோடு தொடர்புடையது. அச்சொல்லையே போர்த்துகீசியர் 'மாங்கா' என்றனர். ஆங்கிலேயர் 'மேங்கோ' என்றனர். இன்று கொரிய நாட்டார் 'மாங்கோ' என்கின்றனர். தென்னிந்தியத் தோப்பிலே பிறந்த சொல் மலாய்த் துறைமுகத்தையும் ஐரோப்பியக் கப்பலையும் கடந்து சீயோல் நகரத்துக் கடைப்பலகையில் ஏறி நிற்கின்றது. என் மகள் அதைக் கொரிய எழுத்தில் வாசித்தபோது, தன் பாட்டியின் சொல்லைத்தான் வாசிக்கின்றோம் என்று அறியாள்.

மலாய் நாட்டிற்கும் நமக்கும் உள்ள தொடர்பு மிகத் தொன்மையது. இராசேந்திர சோழன் 1025-இல் கடாரத்தின்மீது படை செலுத்தினான். அரசரின் படை வந்து திரும்பிவிடும். வணிகரின் சொல் தங்கிவிடும். மலாய் மொழியில் இன்றும் கப்பலுக்குக் 'காப்பல்' என்றும், கடைக்குக் 'கெடாய்' என்றும், பெட்டிக்குப் 'பெத்தி' என்றும், கட்டிலுக்குக் 'காத்தில்' என்றும் பெயர். அப்பமும் புட்டும் அங்கே 'அப்பம்', 'புத்து' என்றே வழங்குகின்றன.

1786-இல் ஆங்கிலேயர் பினாங்கில் கால் வைத்த பின்னர்த் தமிழ் வணிகரும் கூலியாட்களும் ஆயிரமாயிரமாகச் சென்றனர். பின்னாளில் இரப்பர்த் தோட்டங்கள் அவர்களை விழுங்கின. மலாயாவின் முதல் இருப்புப்பாதை தைப்பிங்கிலிருந்து போர்ட் வெல்டு வரை 1885-இல் திறக்கப்பட்டது. அதன்பின் அந்நாட்டு இரயில்வேயில் தண்டவாளம் இட்டவர் பலரும் தமிழர். நிலைய அதிபராகவும் எழுத்தராகவும் அமர்ந்தவருள் யாழ்ப்பாணத் தமிழர் மிகப் பலர். அவ்வெழுத்தர்களை எண்ணும்பொழுது என் மேசைக்கு மறுபுறம் அமர்ந்திருப்பவர் போல் அவர்கள் எனக்குத் தோன்றுகின்றனர்.

அந்நாட்டின் வேனில் இனிப்புகளுள் 'செண்டோல்' ஒன்று. அரிசிமாவை இடியாப்பம்போல் பிழிந்து, துண்டு துண்டாக்கி, தேங்காய்ப்பாலிலும் 'குலா மலாக்கா' என்னும் கருப்பட்டிப் பாகிலும் இடுவர். பச்சை நிறமும் மணமும் தருவது 'பாண்டன்' இலை. இலங்கைத் தமிழர் அதனை இரம்பை என்பர். மற்றொன்று 'ஐஸ் காசாங்'. காசாங் என்பது பயறு வகைகளைக் குறிக்கும் சொல். அவித்த சிவப்புப் பயற்றின்மேல் பனித்துருவலைக் குவித்துப் பாகு ஊற்றுவர். 'ஆயர் பாத்து சம்பூர்', அஃதாவது கலப்புப் பனிக்கட்டி என்னும் பெயரும் அதற்கு உண்டு. அதில் சேர்க்கும் நீப்பாப் பனையின் இளங்கொட்டை, நம் நுங்கைப் போன்றே வழவழப்பானது.

கருப்பட்டி, தேங்காய்ப்பால், இடியாப்பப் பிழிவு, பயறு, நுங்கு என்னும் இவற்றுள் நமக்கு அயலானது எது? பனிக்கட்டி ஒன்றே.

பனிக்கட்டி வந்த கதை

வெப்ப நாட்டிற்குப் பனிக்கட்டி அயலானதுதான். பாஸ்டன் நகரத்து பிரெடரிக் டியூடர் என்னும் வணிகர் குளிர்காலத்தில் ஏரிகளில் உறைந்த பனியை அறுத்து, 1833-ஆம் ஆண்டு மே மாதத்தில் 'டஸ்கனி' என்னும் கப்பலில் சுமார் 180 டன் ஏற்றிக் கல்கத்தாவுக்கு அனுப்பினார். நான்கு திங்கள் கடலில் கிடந்து செப்டம்பரில் அது வந்து சேர்ந்தபோது ஏறத்தாழ 100 டன் எஞ்சியிருந்தது. சென்னைக் கடற்கரையில் அதற்கென 1842-இல் கட்டிய கிடங்கே 'ஐஸ் ஹவுஸ்'. விவேகானந்தர் 1897-இல் அவ்வில்லத்தில் தங்கியமையால் இன்று அது விவேகானந்தர் இல்லம் எனப் பெயர் பெற்று நிற்கின்றது. நீராவிப் பொறி கொண்டு இங்கேயே பனிக்கட்டி செய்யக் கற்ற பின்னர் அவ்வாணிகம் அழிந்தது. இரயில்வேயும் பனிக்கட்டியைப் பயன்படுத்தியது. 1934-இல் 'பிரண்டியர் மெயில்' வண்டியில் குளிரூட்டிய பெட்டி ஓடியபோது, அதனைக் குளிரச் செய்தவை தரைக்கடியில் வைத்த பனிப்பாளங்களே.

கொரிய நாட்டில் நிலை வேறு. அங்கே குளிர்காலத்தில் ஆறு உறைகின்றது. கி.பி. 505-இல் சில்லா நாட்டு மன்னன் சிசூங் பனிக்கட்டியைச் சேமித்து வைக்க ஆணையிட்டதாக அந்நாட்டுப் பழைய வரலாற்று நூல் கூறும். சோசன் அரசர் காலத்தில், 1396-இல், தலைநகரின் ஆன் ஆற்றங்கரையில் கிழக்கிலும் மேற்கிலுமாக இரு பனிக்கிடங்குகள் அமைந்தன. தை மாதக் கடுங்குளிரில் ஆற்றுப்பனியை அறுத்து அடுக்கி, கோடையில் அரண்மனைக்கும் அதிகாரிகளுக்கும் பங்கிட்டனர். கியோங்சூ நகரில் 1738-இல் கல்லால் கட்டிய பனிக்கிடங்கு இன்றும் உள்ளது. மண் மூடிய கல்வளைவும், வெப்பக் காற்று வெளியேறும் புகைக்கூண்டும், உருகிய நீர் ஓடும் சாய்வான தரையும் அமைத்து, எந்திரம் ஏதுமின்றிப் பனியை ஆடிவரை காத்தனர்.

அந்நாட்டார் கோடையில் 'உவாச்சே' என்னும் பழநீர் அருந்துவர். தர்ப்பூசணித் துண்டுகளைத் தேன்நீரில் மிதக்கவிடுவது அதில் ஒரு வகை. 'ஓமிசா' என்னும் சிவந்த கனியின் சாற்றிலும் அதனைச் செய்வர். ஓமிசா என்பதற்கு ஐஞ்சுவைக் கனி என்பது பொருள். அறுசுவை எண்ணும் நமக்கு அவர்கள் ஒன்று குறைவாக எண்ணுவது வியப்பாக இருக்கலாம்.

'பாட்பிங்சு' என்பது பனித்துருவலின்மேல் இனிப்பிட்ட சிவப்புப் பயற்றை வைத்து உண்பது. இப்பொழுதைய வடிவில் அது 1910 முதல் 1945 வரை ஜப்பானியர் கொரியாவை ஆண்டபோது, அவர்களுடைய பனித்துருவல் வழக்கத்தை ஒட்டிப் பரவியது. அடக்கி ஆண்டவர் 1945-இல் போயினர். பனிக்கிண்ணம் மட்டும் தங்கிற்று. கொரியர் அதன்மேல் தம் அரிசி அடையையும் வறுத்த சோயா மாவையும் தூவித் தமதாக்கிக்கொண்டனர்.

உறவு கொண்டாடலாமா?

இங்கே ஓர் எச்சரிக்கை. கொரிய மொழியிலும் தந்தையை 'அப்பா' என்றே அழைப்பர். நாளுக்கு 'நல்', புல்லுக்குப் 'புல்' என்பர். 1905-இல் ஹோமர் ஹல்பர்ட் என்னும் அமெரிக்கர் கொரிய மொழியையும் திராவிட மொழிகளையும் ஒப்பிட்டு ஓர் இலக்கண நூலே எழுதினார். 13-ஆம் நூற்றாண்டுக் கொரிய நூலாகிய 'சம்குக் யூசா', 'அயுத்தா' என்னும் நாட்டு இளவரசி ஒருத்தி கி.பி. 48-இல் கப்பலேறி வந்து கயா நாட்டு மன்னன் சூரோவை மணந்தாள் என்று கூறுகின்றது. அவள் அயோத்தியைச் சேர்ந்தவள் என்பர் சிலர். தமிழகத்தவள் என்பர் வேறு சிலர். ஆயினும் இக்கால மொழிநூலார் இரு மொழிகளும் ஒரு குடும்பத்தன என்பதை ஏற்பதில்லை. இளவரசியின் கதை கதையே. சான்று இல்லாத உறவைக் கொண்டாடுதல் சீட்டில்லாமல் பயணம் செய்வது போன்றது. சான்றுள்ள உறவே நமக்குப் போதும். அஃது இரண்டு போர்களில் எழுதப்பட்டிருக்கின்றது.

சயாமிலிருந்து பர்மா வரை சுமார் 415 கிலோமீட்டர் நீளத்திற்கு ஜப்பானியர் 1942-இல் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்த இருப்புப்பாதையை உலகம் மரண இரயில்பாதை என்கின்றது. போர்க்கைதிகளோடு ஆசியத் தொழிலாளர் இலட்சத்துக்கும் மேற்பட்டோர் அங்கே கொண்டுசெல்லப்பட்டனர். அவருள் மலாயாத் தோட்டங்களிலிருந்து இழுத்துச் செல்லப்பட்ட தமிழர் பல்லாயிரவர். வாந்திபேதியிலும் பட்டினியிலும் மாண்டவருக்குக் கல்லும் இல்லை, பெயரும் இல்லை. அதே பாதையின் கைதி முகாம்களில் காவலராக நிறுத்தப்பட்டவருள் கொரிய இளைஞர் பலர். அவர்களும் நாடிழந்து, பிறர் ஆணைக்கு ஆட்பட்டவர்களே. போர் முடிந்த பின் அவருள் சிலர் குற்றவாளிகளாகத் தூக்கிலும் இடப்பட்டனர். மலாயாத் தமிழரும் கொரியரும் ஒரே தண்டவாளத்தின் அருகே நின்ற காலம் அது. இரயில்வேத் தொழிலாளியாகிய யான் அதை எண்ணாமல் இக்கட்டுரையை எழுத இயலவில்லை.

இரண்டாவது, ஆறுதல் தரும் செய்தி. 1950-இல் கொரியப் போர் மூண்டபோது இந்தியா போர்ப்படை அனுப்பவில்லை. மருத்துவப் படை ஒன்றை அனுப்பியது. 60-ஆவது பாராசூட் மருத்துவப் படையென்னும் அதற்குத் தலைமை தாங்கியவர் லெப்டினன்ட் கர்னல் ஏ. ஜி. ரங்கராஜ். அவ்வாண்டு நவம்பரில் கொரியா சேர்ந்த அப்படை, உறைபனியில் காயமுற்ற போர்வீரர்க்கும் பொதுமக்களுக்கும் பணி புரிந்தது. அத்தொண்டிற்காக ரங்கராஜ் மகாவீர் சக்கரம் பெற்றார். படைவீட்டு ஊராகிய நம் பகுதியில் அவர் பெயரை அறிந்த பிள்ளைகள் எத்தனை பேர்?

அதற்குப் பின் 1996-இல் ஹூண்டாய் நிறுவனம் ஸ்ரீபெரும்புதூரை அடுத்த இருங்காட்டுக்கோட்டையில் கார்த் தொழிற்சாலை நிறுவ வந்தது. அதனை ஒட்டிக் கொரியக் குடும்பங்கள் சென்னையில் குடியேறின; அவர்தம் உணவுச் சாலைகளும் எழுந்தன. இன்று தமிழ் நாட்டில் கொரியச் சுவை என்பது கடலுக்கு அப்பாலுள்ள செய்தி அன்று.

அல்வாலின் கிண்ணம்

இனி நாம் இருக்கும் இடத்தைக் காண்போம். 1798-இல் நிசாம் ஆங்கிலேயரோடு செய்த உடன்படிக்கையால் அவர்கள் படை இங்கே நிலைகொண்டது. 1806-இல் சிக்கந்தர் ஜாவின் பெயரால் செகந்திராபாத் எழுந்தது. சென்னைப் படைகளோடு தமிழ் வீரரும், படைக்குப் பண்டம் வழங்கும் முதலியார்களும், சமையற்காரரும் வந்தனர். 1874-இல் வாடியிலிருந்து இருப்புப்பாதை வந்தது. 1900-ஆம் ஆண்டளவில் மன்மாடு நோக்கிச் செல்லும் பாதை அல்வால், பொலாரம் வழியாக இடப்பட்டது. அப்பாதைகளோடு வந்தவர்களின் வழித்தோன்றல்களே நம்மில் பலர். நாமும் ஒரு நிலையத்தில் ஏறி இன்னொரு நிலையத்தில் இறங்கிய பொதிகளே அல்லமோ?

இந்நகரத்தாரும் அவ்வாறே. விருந்துதோறும் 'குபானி கா மீட்டா' படைக்கின்றனரே, அதன் உலர்ந்த சருக்கரைப் பாதாமி மலைநாடுகளைக் கடந்து வந்தது. 1935-இல் கட்டிய மொசம்சாகி அங்காடியின் ஐஸ்கிரீம் கடைகளில் கோடையில் மாம்பழமும் பின்னர்ச் சீத்தாப்பழமும் கடைந்து தருகின்றனர். அந்தச் சீத்தாவும் அமெரிக்கக் கனி. இவற்றை ஐதராபாத்தின் சுவை அன்று என்று சொல்வார் இலர்.

என் மகள் செய்த கிண்ணத்தின் முறையைப் பத்துப் பேர் அளவிற்குக் கூறுகின்றேன். முதல் நாள் இரவில் 100 கிராம் சிவப்புக் காராமணியை ஊறவைக்க வேண்டும். கொரியரின் சிவப்புப் பயறும் நம் காராமணியும் உளுந்தும் பாசிப்பயறும் ஒரே செடியினத்தைச் சேர்ந்தவை. ஒரு பெரிய தேங்காயின் முதற்பாலில் பாதியைக் காய்ச்சி ஆறிய அரை லிட்டர் பசும்பாலோடும் மூன்று கரண்டிச் சர்க்கரையோடும் கலந்து, அகன்ற தட்டில் ஊற்றி, இரவு முழுதும் உறைய வைக்க வேண்டும். வெறும் நீர் பாறையாக உறையும். பாலின் கொழுப்பும் சர்க்கரையும் பனிமணிகளைப் பெருகவிடாமல் தடுத்தலின், இது கரண்டியால் சுரண்டினாலே பூப்போல் உதிரும். மீதிப் பாலைக் குளிர்ப்பெட்டியில் மூடி வைக்க.

மறுநாள் காராமணியைக் குழைய அவித்து 50 கிராம் கருப்பட்டி சேர்த்துக் கிளறி ஆறவிடுக. 200 கிராம் கருப்பட்டியை ஒரு குவளை நீரில் கரைத்து, மண் நீங்க வடிகட்டி, பாகாகக் காய்ச்சுக. இரண்டு பங்கனப்பள்ளி மாம்பழம், ஒரு கிலோ தர்ப்பூசணி, பத்து நுங்கு ஆகியவற்றைச் சிறு துண்டுகளாக்குக. எடுத்து வைத்த தேங்காய்ப்பாலில் ஒரு சிட்டிகை உப்பும் நான்கு துளி தாழம்பூ நீரும் விடுக. பாண்டன் இலை இங்கே எளிதில் கிடையாது. ஆனால் தாழையும் அதன் இனமே. ஐதராபாத்துப் பிரியாணிக்கு இடும் அந்நீர் நம் கடைத்தெருவிலேயே உண்டு. கிண்ணத்தில் அடியில் பயறு, அதன்மேல் பனித்துருவல், பின் பழம், அதன்மேல் பாகும் பாலும், உச்சியில் வறுத்த சோயா மாவு என்று வரிசையாக இட்டு உடனே உண்ண வேண்டும். குளிரில் நாவுக்கு இனிப்பு மட்டுப்பட்டே தோன்றுமாதலால் பாகு சற்று மிகுந்தே இருத்தல் நன்று. தேங்காய்ப்பால் வெயிலில் விரைவில் கெடுமாதலால் வெளியில் வைத்தல் ஆகாது.

மாம்பழம் நம் ஆந்திரத் தோப்பினது, நுங்கும் இவ்வூர்ப் புறத்துப் பனையினது, கருப்பட்டி திருநெல்வேலிச் சீமையினது, மணம் ஐதராபாத்தினது, முறை மலாயாவினதும் கொரியாவினதும். இக்கிண்ணத்திற்கு ஒரே ஒரு நிலையத்தின் பெயரை எழுதச் சொன்னால், அல்வால் என்றுதான் எழுதுவேன்.

முடிவுரை

மணிமேகலைக் காப்பியத்தில் ஆபுத்திரன் கையில் அமுதசுரபி என்னும் வற்றாத கிண்ணம் இருந்தது. சாவக நாட்டில் மழையின்றி மக்கள் பசியால் வாடுகின்றனர் என்று கேட்டு அவன் கப்பலேறினான். வழியில் மணிபல்லவத்தில் தனித்து விடப்பட்டான். உண்பார் இல்லாத இடத்தில் கிண்ணத்தைத் தான் மட்டும் பயன்படுத்த மனமின்றிப் பொய்கையில் விட்டு உயிர் நீத்தான். பின்னர்ச் சாவகத்திலேயே பிறந்தான். தமிழரின் கிண்ணம் சாவகத்து மக்களை எண்ணிப் புறப்பட்ட கதை அது. அச்சாவகத்தின் பெயரைத்தான் நம் சவ்வரிசியும் தாங்கி நிற்கின்றது என்பர். பகிர்வதற்கு ஆளில்லாத கிண்ணத்தைக் காப்பியம் போற்றவில்லை.

ஆகவே, கலப்பது குற்றமன்று. எங்கிருந்து வந்தது என்பதை மறப்பதே குற்றம். கரும்பு வந்ததை நம் முன்னோர் எழுதி வைத்தனர். அதனால் நாம் அறிந்தோம். நாம் உண்பதை நம் எழுத்தில் எழுதி வைக்கும் பிள்ளைகள் இல்லாவிடின், பாயசம் இருந்தும் பயனில்லை. பெரியவரின் வருத்தத்தில் இருந்த உண்மை இதுவே. நாக்கு மட்டும் ஒரு மொழியைத் தாங்கிவிட முடியாது.

இவ்வளவையும் அவரிடம் எடுத்துரைத்தேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "உம் மகள் இந்தச் செய்முறையைத் தமிழில் தன் கையால் எழுதிக் கொடுக்கட்டும், பந்தியில் இரண்டையும் வைப்போம்" என்றார். தை மாத இறுதியில் எழுத்துப் பயிற்சி தொடங்கிற்று. கொரிய எழுத்துக்களை அந்நாட்டு மன்னர் சேசோங் 1443-இல் ஆக்கி 1446-இல் நாட்டிற்கு வழங்கினார். மெய்யும் உயிரும் கூடி ஒரு கட்டமாக நிற்பது அதன் அமைப்பு. அதனை அறிந்திருந்தமையால் என் மகளுக்கு உயிர்மெய் என்பது ஒரே நாளில் விளங்கிற்று. "இதுவும் அதே போலத்தானே, அப்பா? இதை ஏன் முன்பே சொல்லித் தரவில்லை?" என்றாள். யான் என்ன விடை கூறுவேன்!

பங்குனியில் அவள் இரண்டு பக்கம் எழுதி முடித்தாள். பெரியவர் தம் வீட்டுத் திண்ணையில் மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வாசித்தார். மாம்பழம் என்பதை அவள் 'மாம்பளம்' என்று எழுதியிருந்தாள். மலாய் நாட்டார் அதை மெம்பெலம் ஆக்கியதை எண்ணி எனக்குச் சிரிப்பு வந்தது, அவருக்கு வரவில்லை. சிவப்பு மையால் ளகரத்தை அடித்து ழகரம் எழுதினார். பின் அவளை அருகில் அமர்த்தி, அவ்வொலியைப் பத்து முறை சொல்லச் செய்தார்.

இம்மலர் உங்கள் கையில் இருக்கும் இவ்வேளையில், பந்தியில் பாயசமும் வேனிற் கிண்ணமும் அடுத்தடுத்து இருக்கும். இரண்டையும் உண்ணுங்கள். உண்ட பின், உங்கள் வீட்டுப் பிள்ளையிடம் ஒரு தாளைக் கொடுத்து, இன்று என்ன உண்டோம் என்பதைத் தமிழில் எழுதச் சொல்லுங்கள். பிழை இருந்தால் திருத்துவதற்கு நம் சங்கத்தில் ஒருவர் சிவப்பு மையோடு காத்திருக்கின்றார்.

வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!